கதவிடுக்கில் ஒரு காகிதம்

ஞாயிற்றுக்கிழமை காலை. கணவன் நல்ல பருமன். மனைவி அவனோடு கொஞ்சிக்கொண்டிருக்கிறாள். இன்றைக்கு வீட்டில் நாம் இருவர் மட்டும் என்று இருவருக்குள்ளும் ஓர் ஏற்பாடு. அந்த நேரம் பார்த்து ஒல்லியான ஒருவன் வாசலுக்கு வந்து நிற்கிறான். வருகிறவன் யாரென்று தெரிந்ததும் வீடே மூச்சை அடக்கிக்கொள்கிறது. அவன் கதவைத் தட்டுகிறான். பதில் இல்லை. சரி, ஆள் இல்லை போலிருக்கிறது என்று ஒரு துண்டுக் காகிதத்தில் ஏதோ எழுதிக் கதவுக்கு அடியில் செருகுகிறான். போகலாம் என்று நினைக்கும்போது அது கண்ணில் படுகிறது. செருகிய காகிதம் தானாக நகர்ந்து உள்ளே போகிறது.

ஆள் இல்லாத வீடு காகிதத்தை இழுத்துக்கொள்ளுமா?

1928 செப்டம்பர் 8 அன்று வெளிவந்த ‘ஷுட் மேரிட் மென் கோ ஹோம்?’ என்ற ஊமைப்படத்தின் தொடக்கம் இது. ‘கல்யாணமானவர்கள் வீட்டுக்குப் போகத்தான் வேண்டுமா?’ என்று தமிழில் சொல்லிக்கொள்ளலாம். இரண்டு ரீல், சுமார் இருபது நிமிடம். பருமன் ஆலிவர் ஹார்டி, ஒல்லி ஸ்டான் லாரல், மனைவியாக வருபவர் கே டெஸ்லிஸ். படத்தின் பிற்பகுதி கோல்ஃப் மைதானத்துக்குப் போய்ச் சேற்றுச் சண்டையில் முடிகிறது. அந்தப் பகுதியில் எனக்குப் பெரிய ஈடுபாடு கிடையாது. சேற்றை வாரி அடித்துக்கொள்வதை நடவு சமயத்தில் எங்கள் ஊரிலேயே பார்த்திருக்கிறேன். என் மனம் போய் நிற்பது அந்தக் காகிதத்தில்தான். ஒரு நகைச்சுவை பிறந்த இடம் எது என்று யாராவது கேட்டால் நான் கையைக் காட்டுவது அந்தக் கதவடிக்குத்தான்.

நான் வானூர்ப் பக்கத்துக்காரன். ஒரு பக்கம் கழுவெளி, அதைத் தாண்டினால் மரக்காணத்து உப்பளம். இன்னொரு பக்கம் திருவக்கரையில் கல்லாகிப்போன மரங்கள். இந்த வட்டாரத்தில் நான் பார்த்து வளர்ந்த வீடுகளில் அந்தக் காட்சியை எடுத்திருக்கவே முடியாது. தெருக்கதவு விடிந்ததும் திறந்தால் விளக்கணைக்கும்வரை திறந்தே கிடக்கும். யாராவது கூட்ரோட்டில் பஸ்ஸை விட்டு இறங்கினாலே போதும், சைக்கிளில் வருகிற பையன் முந்திக்கொண்டு வந்து, “உங்க ஊட்டுக்கு ஆளு வருது” என்று சொல்லிவிட்டுப் போவான். வந்தவர் தெருவைக் கடந்து திண்ணையில் உட்காருவதற்குள் உள்ளே ஒரு முழுப் படமே ஓடும். ரசத்தில் ஒரு சொம்புத் தண்ணீர் ஏறும். தோட்டத்துக் கதவு வழியாக ஒரு பிள்ளை பக்கத்து வீட்டுக்குக் காப்பித்தூள் வாங்க ஓடும். கருவாட்டுப் பானை பரணிலிருந்து இறங்கும். கையில் ஒரு தட்டு மல்லாட்டையைக் கொடுத்து வந்தவரைத் திண்ணையிலேயே அரை மணி நேரம் நிறுத்திவைக்க ஒரு தாத்தா இருப்பார். இவ்வளவும் சத்தமே இல்லாமல், வெறும் கண்ஜாடையில் நடக்கும். ஊமைப்படம் என்ற சொல் தெரியும் முன்பே நான் ஊமைப்படம் பார்த்தவன்.

ஒரே ஒரு முறை மூடிய கதவைப் பார்த்திருக்கிறேன். கல்லூரி நாளில், சித்திரை வெயிலில், சொல்லாமல் கொள்ளாமல் பெரியம்மா வீட்டுக்குப் போனேன். வாசலில் ஒரு செருப்புகூட இல்லை. திண்ணையில் கொஞ்ச நேரம் உட்கார்ந்தேன். பக்கத்து வீட்டில் தண்ணீர் கேட்டுக் குடித்தபோது, எல்லோரும் மயிலம் கோயிலுக்குப் போயிருப்பதாகச் சொன்னார்கள். அடுத்த பஸ்ஸில் திரும்பிவிட்டேன். அது இருக்கட்டும்.

விருந்தாளியை வைத்து உலகம் எத்தனையோ விதமாகச் சிரித்திருக்கிறது. நம்மிடம் விருந்தும் மருந்தும் மூன்று நாளைக்கு என்ற சொலவடை இருக்கிறது. இன்னொரு பக்கம் வள்ளுவர் பத்துக் குறள் எழுதி விருந்தோம்பலை உச்சத்தில் வைத்துவிட்டார். அந்த அதிகாரத்தின் கடைசிக் குறளை, அதாவது தொண்ணூறாவது குறளை, நான் நகைச்சுவைப் பாடமாகவே படிப்பேன். அனிச்சப்பூ முகர்ந்தால்தான் வாடும், விருந்தாளியோ நம் முகம் மாறிப் பார்த்தாலே வாடிவிடுவான் என்பது அதன் கருத்து. வாயால் ஒரு சொல் சொல்ல வேண்டாம், முகம் போதும் என்கிறார். ஊமைப்பட நடிகனுக்கு இதைவிட நல்ல இலக்கணம் எங்கே கிடைக்கும்? மனைவியின் முகம் திரிகிறது, கணவனின் முகம் திரிகிறது, படம் பார்க்கிற நமக்கெல்லாம் அது தெரிகிறது. தெரிய வேண்டிய ஒருவனுக்கு மட்டும் தெரியவில்லை. லாரல் வாடாத அனிச்சம். எத்தனை முகம் திரிந்தாலும் பல்லைக் காட்டிக்கொண்டு தொப்பியோடு நிற்பான். சிரிப்பு அங்கேதான் பிறக்கிறது.

இப்படிப்பட்ட ஒருவனைத் திரைக்குக் கொண்டுவர இங்கிலாந்திலிருந்து ஒரு வேர் ஓடுகிறது. லாரலின் இயற்பெயர் ஆர்தர் ஸ்டான்லி ஜெஃபர்சன். 1890இல் லங்காஷயர் பக்கத்து அல்வர்ஸ்டன் என்ற ஊரில் பிறந்தவர். அப்பா ஆர்தர் ஜெஃபர்சன் நாடகக்காரர். கொட்டகை நடத்தினார், நாடகம் எழுதினார். அவர் எழுதிய குறுநாடகம் ஒன்றின் பெயர் ‘ஹோம் ஃப்ரம் தி ஹனிமூன்’. வீட்டுக்காரர் ஊருக்குப் போய்விடுகிறார். நாடோடிகள் இருவர் உள்ளே நுழைந்துவிடுகிறார்கள். அந்த நேரம் வீட்டை வாடகைக்குப் பார்க்க ஒரு தம்பதி வர, ஒருவன் எஜமானனாகவும் இன்னொருவன் வேலைக்காரனாகவும் நடிக்கிறார்கள். யார் வீட்டுக்காரன், யார் விருந்தாளி என்ற கணக்கு முழுக்கக் குழம்பிவிடுகிறது.

மகன் லாரல், ஃபிரெட் கார்னோவின் நாடகக் குழுவில் சேர்ந்து 1910இல் அமெரிக்கா போனார். அதே குழுவில் முன்னணியில் இருந்தவர் சார்லி சாப்ளின். அவருக்கு உடம்புக்கு முடியாவிட்டால் மேடையேறக் காத்திருந்த மாற்று ஆள் நம் லாரல். கார்னோ மேடையில் வசனத்தைவிட உடம்புக்குத்தான் வேலை அதிகம். விழுவது, தடுக்குவது, கதவில் இடிபடுவது எல்லாம் இசைக்குத் தாளம் போடுவது போல் எண்ணிக்கையோடு நடக்கும். அந்தப் பயிற்சி இருவருக்கும் ஆயுசுக்கும் போதுமானதாக இருந்தது.

ஹார்டி வந்த வழி வேறு. 1892இல் ஜார்ஜியா மாநிலத்தில் பிறந்தவர். 1910 வாக்கில் மில்லெட்ஜ்வில் என்ற ஊரில் ஒரு சினிமாக் கொட்டகையில் வேலை பார்த்தார். திரையில் ஓடுகிறவர்களைத் தினமும் பார்த்துப் பார்த்து, பிறகு தானே திரைக்குள் போனவர். இருவரும் கலிஃபோர்னியாவில் கல்வர் சிட்டியிலிருந்த ஹால் ரோச்சின் ஸ்டூடியோவில் ஒரே கூரைக்குக் கீழ் சம்பளம் வாங்கிக்கொண்டிருந்தார்கள். ஜோடி என்ற எண்ணம் யாருக்கும் இல்லை.

1927 மார்ச்சில் ‘டக் சூப்’ வந்தது. அப்பா எழுதிய அந்த வீடு புகுந்த கதையைத்தான் மகன் படமாக்கக் கொடுத்திருந்தார். இயக்கியவர் ஃபிரெட் கியால். ஹார்டி எஜமானன், லாரல் பாவாடை கட்டிக்கொண்டு வேலைக்காரி. இருவரும் உண்மையிலேயே ஜோடியாக இயங்கிய முதல் படம் அது. பிறகு படச்சுருள் எங்கோ தொலைந்துபோய் 1974இல்தான் மறுபடி கிடைத்தது. லாரல்–ஹார்டி பிறந்ததே அழையா விருந்தாளிகளாகத்தான் என்பது அதுவரை பலருக்குத் தெரியாமல் கிடந்தது.

ஜோடி பொருந்துகிறது என்று கண்டுகொண்டவர்களில் முக்கியமானவர் ஸ்டூடியோவில் மேற்பார்வையாளராக இருந்த லியோ மெக்கேரி. அன்றைய ஊமைநகைச்சுவை தலைதெறிக்க ஓடும். போலீஸ்காரர்கள் வண்டியில் தொங்குவார்கள், முகத்தில் கேக் பறக்கும், யோசிக்க யாருக்கும் நேரம் இருக்காது. இந்த இருவரையும் வைத்துக்கொண்டு வேகத்தைக் குறைத்தார்கள். ஒருவன் தலையில் ஒன்று விழுகிறது. அவன் உடனே திருப்பி அடிப்பதில்லை. நின்று, மூச்சு விட்டு, நம்மைப் பார்க்கிறான். கேமராவை நேராகப் பார்த்து ‘பார்த்தீர்களா என் நிலைமையை’ என்று கேட்கிற ஹார்டியின் பார்வை உலகப் புகழ் பெற்றது. திண்ணையில் விருந்தாளியை உட்காரவைத்துவிட்டு உள்ளே வரும்போது வீட்டுக்காரர் மனைவியைப் பார்ப்பாரே, அதே பார்வைதான்.

அந்தப் பார்வை படத்தில் பதிய வேண்டுமே. 1928 படத்துக்குக் கேமரா பிடித்தவர் ஜார்ஜ் ஸ்டீவன்ஸ். பிற்காலத்தில் ‘எ ப்ளேஸ் இன் தி சன்’, ‘ஜயன்ட்’ படங்களுக்காக ஆஸ்கர் வாங்கிய இயக்குநர் அவரே. லாரலுக்கு வெளிர்நீலக் கண்கள். அன்று புழக்கத்தில் இருந்த ஆர்த்தோக்ரோமாட்டிக் ஃபிலிம் நீலத்தை வெளுப்பாகத்தான் பதியும். அதனால் லாரலின் கண்மணியே திரையில் காணாமல் போய், சிலை மாதிரி வெள்ளை விழியோடு தெரிவாராம். எல்லா நிறத்துக்கும் ஈடுகொடுக்கும் பேன்க்ரோமாட்டிக் ஃபிலிமைப் போட்டு ஸ்டீவன்ஸ் அந்தக் கண்களை மீட்டுக்கொடுத்தார் என்பது சினிமாக்காரர்கள் ஆசையோடு சொல்லும் கதை. ‘முகம் திரிந்து நோக்குவதை’ அடிப்படையாகக் கொண்ட தொழிலில் கண் தெரியாவிட்டால் என்ன மிச்சம்?

இயக்கியவர் ஜேம்ஸ் பேரட். இன்னொரு நகைச்சுவை நடிகரான சார்லி சேஸின் தம்பி. இடையே வரும் எழுத்து அட்டைகளை எழுதியவர் எச். எம். வாக்கர். ஹார்டி நிஜத்திலும் கோல்ஃப் பித்தர் என்பதால் கதை கோல்ஃப் பக்கம் போனதில் வியப்பில்லை. ஸ்டூடியோவில் படம் எடுப்பது பாதி சமையல் மாதிரிதான். ஒரு கருவை எடுத்துக்கொண்டு, இந்த இடத்தில் இவன் என்ன செய்வான் என்று கூடிப் பேசி, எடுக்க எடுக்கச் சேர்த்துக்கொண்டே போவார்கள். பிறகு வெட்டும் மேசையில் லாரல் கூடவே உட்கார்ந்திருப்பார். வெளியிடுவதற்கு முன் ஏதாவது ஒரு கொட்டகையில் போட்டுப் பார்த்து, ஜனம் எங்கே சிரிக்கிறது, எவ்வளவு நேரம் சிரிக்கிறது என்று அளந்து, சிரித்து முடிப்பதற்குள் அடுத்தது வந்துவிடாதபடி நீட்டிக் குறைப்பார்கள்.

இப்போது அந்தக் கதவுக்கு வருவோம். சத்தம் இல்லாத படத்தில் கதவைத் தட்டுவது எப்படி? தட்டுகிற கையைக் காட்டலாம். ஆனால் உள்ளே இருப்பவர்களுக்கு அது கேட்டது என்பதை அவர்கள் முகம்தான் சொல்ல வேண்டும். ஆகவே கேமரா வெளியே ஒரு முறை, உள்ளே ஒரு முறை என்று மாறி மாறிப் போகிறது. பார்க்கிற நமக்குக் கதவின் இரண்டு பக்கமும் தெரியும். அவர்களுக்கோ ஒரு பக்கம்தான். சரி, உள்ளே ஆள் இருப்பது வெளியே இருப்பவனுக்கு எப்படித் தெரியவரும்? பேசும் படமாக இருந்தால் ஒரு தும்மல் போதும், ஒரு பாத்திரம் விழுந்தால் போதும். எந்த நாடகக்காரனுக்கும் முதலில் தோன்றுவது அதுதான். ஊமைப்படத்தில் தும்மலை வெளியே நிற்பவன் கேட்டான் என்று காட்ட மறுபடியும் அவன் முகத்துக்கு ஓட வேண்டும். கண்ணால் பார்க்கக்கூடிய ஒன்று, கதவின் இரு பக்கமும் ஒரே நேரத்தில் இருக்கக்கூடிய ஒன்று தேவைப்பட்டது. அது ஒரு துண்டுக் காகிதம். பாதி அவன் பக்கம், பாதி இவர்கள் பக்கம். ஒரு முனை நகர்ந்தால் மறு முனையும் நகரும். சத்தம் இல்லாத குறையே அதைப் பெற்றெடுத்தது என்று நான் சொல்வேன்.

அதற்குப் பிறகு என்ன, கதவு திறக்கிறது. ‘வாங்க வாங்க’ என்று போலிச் சிரிப்பு. உள்ளே வந்தவன் கையும் காலும் பட்ட இடமெல்லாம் சேதம். கடைசியில் மனைவி இருவரையும் சேர்த்து வெளியே துரத்துகிறாள். வெளியே வந்ததும் ஒல்லி வேலியை லேசாகத் தாண்டிவிடுகிறான். பருமனுக்கும் அதே ஆசை வருகிறது. வேலி தரைமட்டம்.

இன்னொன்றும் அந்தப் படத்தில் பிறந்தது. அதுவரை ‘ஆல் ஸ்டார்’ வரிசை என்ற பொதுப்பெயரில் வெளியிட்டுக்கொண்டிருந்த ஹால் ரோச் ஸ்டூடியோ, இந்தப் படத்தில்தான் முதல் முதலாக லாரல்–ஹார்டி என்று ஜோடிப் பெயரைப் போட்டது. வீட்டுக்குள் வராதே என்று ஒளிந்துகொள்ளும் கதையில்தான் இருவருக்கும் சேர்த்து ஒரே பெயர்ப்பலகை கிடைத்தது.

தமிழில் விருந்து என்ற சொல்லுக்குப் புதுமை என்று ஒரு பழைய பொருள் உண்டு. தொல்காப்பியர் புதிதாகப் புனையும் நூலுக்கே விருந்து என்று பெயர் வைத்திருக்கிறார். அந்தப் பொருளில் பார்த்தால் அடுத்த ஆண்டு ஸ்டூடியோவுக்கே ஒரு விருந்தாளி வந்தார். அவர் பெயர் ஒலி.

1929 மே 4 அன்று வெளிவந்த ‘அனகஸ்டம்ட் ஆஸ் வீ ஆர்’ லாரல்–ஹார்டியின் முதல் பேசும் படம். கதை என்ன தெரியுமா? மனைவியிடம் சொல்லாமல் நண்பனைச் சாப்பாட்டுக்கு வீட்டுக்குக் கூட்டி வருகிறான் ஹார்டி. வாய் கிடைத்ததும் அவர்கள் எடுத்துக்கொண்ட முதல் பொருள் மறுபடியும் எதிர்பாராத விருந்தாளிதான். மனைவியாக மே புஷ். அவர் திட்டத் தொடங்குகிறார். ஹார்டி ஒரு கிராமஃபோன் தட்டைச் சுழலவிடுகிறான். பாட்டின் தாளமும் திட்டின் தாளமும் ஒட்டிக்கொள்கின்றன. அம்மாள் தன்னையறியாமல் இசைக்கு ஏற்பத் திட்டிக்கொண்டிருக்கிறார். ஸ்டூடியோவுக்கு ஒலி வந்த புதிதிலேயே ஒலியை வைத்தே இப்படிக் கேலி செய்ய முடிந்தவர்கள் அப்போது அதிகம் பேர் இல்லை. மனைவி கோபித்துக்கொண்டு போய்விட, தானே சமைக்கப் போய் அடுப்பை வெடிக்கவைக்கிறான். உதவிக்கு வரும் பக்கத்து வீட்டுப் பெண்ணின் உடையில் தீப்பிடிக்கிறது, அவள் கணவன் போலீஸ்காரன் வருகிறான், அவளைப் பெட்டிக்குள் ஒளித்துவைக்கிறார்கள். இதெல்லாம் வழக்கமான ரகளை. கடைசியில் லாரல் மாடிப்படியில் விழுகிறான். அதை நாம் பார்ப்பதில்லை. சத்தம் மட்டும் வருகிறது. ஊமைப்படத்தில் விழுந்தால்தான் சிரிப்பு. இப்போது விழுவதைக் காட்டாமலே சிரிக்கவைத்துவிட்டார்கள்.

இந்தப் படத்தின் பிற்கால வாழ்க்கைதான் எனக்கு இன்னும் பிடித்தது. ஒலிக்கருவி வாங்க முடியாத கொட்டகைகள் அன்று நிறைய இருந்ததால், எழுத்து அட்டைகள் போட்டு ஊமை வடிவம் ஒன்றையும் அனுப்பினார்கள். ஒலி தனியாக இசைத்தட்டில் இருந்தது. அந்தத் தட்டுகள் காணாமல் போயின. 1970களின் பிற்பகுதியில் மறுபடி கிடைக்கும்வரை, ஒரு தலைமுறைக்கும் மேலாக, முதல் பேசும் படம் ஊமையாகவே பார்க்கப்பட்டது. சாப்பிட வந்த விருந்தாளி சொல்லாமலே எழுந்து போனது போல் ஒலி போய்விட்டிருந்தது.

காகிதம் என்ன ஆயிற்று? 1931 செப்டம்பர் 19 அன்று ‘கம் க்ளீன்’ வந்தது. ஜேம்ஸ் ஹார்ன் இயக்கம். ஹார்டி தம்பதி நிம்மதியாக ஒரு மாலையைக் கழிக்க நினைக்க, லாரல் தம்பதி வந்துவிடுகிறார்கள். மறுபடியும் ஒளிதல், மறுபடியும் கதவடியில் காகிதம். பேச வாய் இருந்தும் பழைய காகிதத்தை விடமுடியவில்லை அவர்களால். அந்தப் படம் வந்து ஆறே வாரத்தில், அக்டோபர் 31 அன்று, சென்னையில் ‘காளிதாஸ்’ வெளியாகித் தமிழ்ப்படம் பேச ஆரம்பித்தது. பேச ஆரம்பித்ததோ பாட ஆரம்பித்ததோ, நாம் இன்றுவரை நிறுத்தவில்லை.

அதற்கு முந்தைய கால் நூற்றாண்டு நம் ஊர்களும் ஊமைப்படந்தான் பார்த்தன. 1905இல் திருச்சியில் ரயில்வேயில் வரைவாளராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், டூபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடம் படக்கருவியை வாங்கிக்கொண்டு, வேலையை விட்டுவிட்டு ஊர் ஊராகக் கூடாரம் அடித்தார். சினிமாவே ஒரு விருந்தாளியாக, சொல்லாமல் வந்து, சில நாள் தங்கி, மூட்டை கட்டிக்கொண்டு அடுத்த ஊருக்குப் போன காலம். ஊமைப்படக் கூடாரங்களில் திரைக்குப் பக்கத்தில் கதை சொல்ல ஓர் ஆள் நிற்பது வழக்கம். எழுத்து அட்டையில் இருப்பதைப் படித்துச் சொல்வார், இல்லாததையும் சேர்த்துச் சொல்வார். ஒரு கதவடிக் காகிதம் உள்ளே நகரும்போது அப்படி ஒருவர் என்ன சொல்லியிருப்பார் என்று யோசித்துப் பார்ப்பேன். நல்ல கைதேர்ந்தவராக இருந்தால் அந்த நேரம் மட்டும் வாயை மூடிக்கொண்டிருப்பார்.

அழையா விருந்தாளி நம் திரையிலும் உடம்பால்தான் பேசினான். 1957இல் விஜயா புரொடக்‌ஷன்ஸ் எடுத்த ‘மாயா பஜார்’ படத்தில் கல்யாண விருந்துக்கு முன்னாலேயே கடோத்கஜன் உள்ளே புகுந்து அத்தனையையும் தின்று தீர்க்கிறானே, அதைவிடப் பெரிய விருந்தாளி யார்? ரங்காராவின் வயிறும் கன்னமும் பேசுகின்றன. மார்கஸ் பார்ட்லியின் கேமராத் தந்திரத்தில் லட்டுகள் தாமாகப் பறந்து வாய்க்குள் போகின்றன. பாட்டை நிறுத்திவிட்டு வெறும் படமாகப் பார்த்தாலும் அந்தக் காட்சி அப்படியே நிற்கும். நான் நிறுத்திப் பார்த்திருக்கிறேன். கே. வி. ரெட்டி இயக்கிய அந்தப் படத்தில் உதவியாளர்களில் ஒருவராக இருந்தவர் சிங்கீதம் சீனிவாசராவ்.

முப்பது வருடம் கழித்து, 1987இல், அதே சிங்கீதம் ஒரு வசனம்கூட இல்லாத முழுநீளப் படம் எடுத்தார். கன்னடத்தில் ‘புஷ்பக விமானா’. தமிழில் அதற்கு ‘பேசும் படம்’ என்று பெயர் வைத்தவர் யாரோ, அவருக்கு ஒரு கும்பிடு. வசனம் இல்லாததால் மொழிக்கு மொழி பெயரை மட்டும் மாற்றிக்கொண்டால் போதுமாக இருந்தது. கமல்ஹாசன், அமலா நடிப்பு, எல். வைத்தியநாதன் இசை. வேலையில்லாத இளைஞன், ரோட்டில் போதையில் விழுந்துகிடக்கும் பணக்காரரின் ஓட்டல் அறைச் சாவியை எடுத்துக்கொள்கிறான். அவரைத் தன் மொட்டைமாடி அறையில் கட்டிப்போட்டுவிட்டு, அவர் அறையில் தான் போய்த் தங்குகிறான். ஜெஃபர்சன் எழுதிய நாடோடிகள்கூடக் காலியான வீட்டில்தான் புகுந்தார்கள். இங்கே வீட்டுக்காரரையே தன் வீட்டில் விருந்தாளியாக்கிவிட்டு அவர் இடத்துக்கு இவன் விருந்தாளியாகப் போகிறான். கட்டிப்போட்டவருக்கு மூன்று வேளை சோறும் போட வேண்டும், அவர் கழிவையும் அகற்ற வேண்டும். அதை வண்ணக் காகிதம் சுற்றிப் பரிசுப்பொட்டலமாக்கி வெளியே கொண்டுபோவான். விருந்தோம்பலின் முழுச் சுமையையும் இத்தனை பச்சையாகக் காட்டிய படம் வேறு எனக்குத் தெரியாது. கொட்டகை இரைச்சலுக்குப் பக்கத்தில் படுத்துப் பழகியவனுக்கு நட்சத்திர ஓட்டலின் நிசப்தத்தில் தூக்கம் வராது. அந்த இரைச்சலைப் பதிவுசெய்து கொண்டுவந்து ஓடவிட்டுத் தூங்குவான். பேசாத படத்தில் ஒலிக்கு இப்படி ஒரு வேலை.

அந்தப் படத்தின் முடிவிலும் ஒரு காகிதம் வருகிறது. அமலா ஊரை விட்டுப் போகும்போது ரோஜாப்பூவோடு முகவரி எழுதிய துண்டுக் காகிதத்தை வண்டியிலிருந்து போடுகிறாள். பூ அவன் கைக்கு வருகிறது. காகிதம் காற்றோடு போய்விடுகிறது. 1928இல் உள்ளே இழுக்கப்பட்டதால் ஒருவனைக் காட்டிக்கொடுத்த காகிதம், இங்கே கைக்கு எட்டாமல் ஒருவனைக் கைவிட்டுவிட்டது. சிங்கீதம் அந்தப் பழைய கதவை நினைத்து எடுத்தார் என்று நான் சொல்ல வரவில்லை. வாயைக் கட்டிவிட்டால் எந்தக் காலத்துக் கலைஞனின் கையும் ஒரு துண்டுக் காகிதத்தைத் தேடித்தான் போகும் போலிருக்கிறது.

போன மாதம் பெரியம்மாவைப் பார்க்கப் போனேன். இப்போது அங்கே திண்ணை இல்லை. இரும்புக் கிரில் கதவு, காலிங்பெல். யாரும் சொல்லாமல் வருவதுமில்லை, கூட்ரோட்டிலிருந்தே செல்போன் அடித்துவிடுகிறார்கள். சாப்பிட்ட பிறகு என் லேப்டாப்பில் அந்த 1928 படத்தைப் போட்டுக் காட்டினேன். ஹார்டி காகிதத்தை உள்ளே இழுத்ததும் பெரியம்மா சிரிக்கவில்லை. நெற்றியில் அடித்துக்கொண்டாள்.

“இன்னாடா இவன், இப்படியா செய்வான்? காயிதத்த தொடவே கூடாது. மொதல்ல வாசல்ல கெடக்குற செருப்ப உள்ள எடுத்துப் போட்டிருக்கணும். வெயில்ல வந்தவன் தண்ணிக்குப் பக்கத்து ஊட்டுக்குத்தான போவான்? அங்க முன்னாலேயே சொல்லி வச்சிருக்கணும், மயிலத்துக்குப் போயிருக்காங்கன்னு...”

பேச்சு பாதியில் நின்றது. நான் பெரியம்மாவைப் பார்த்தேன். பெரியம்மா சட்டென்று திரை பக்கம் திரும்பிக்கொண்டு, வேலியைப் பார்த்து, என்றுமில்லாத அக்கறையோடு சிரிக்கத் தொடங்கினாள்.